கண்ணிவாரிக் கப்பல் பெங்கால்

மாணவர்களே, சாத்தான்குளத்திலிருந்து தென்கிழக்கே செம்மண் தேரிகளையும் பனங்காடுகளையும் தாண்டி 20 கிலோமீட்டருக்குள் சென்றால் மணப்பாட்டுக் கடற்கரை வந்துவிடும். அங்கே மணல்மேட்டில் ஏறி நின்று தென்கிழக்கே நோக்குங்கள். உங்கள் பார்வை போகும் அதே திசையில், சுமார் 250 கிலோமீட்டர் தொலைவில் கொழும்புத் துறைமுகம் இருக்கிறது. கிழக்கையும் மேற்கையும் இணைக்கும் கப்பல் பாதைகளில் மிக நெரிசலானது அந்தத் துறைமுகத்தை ஒட்டியே செல்கிறது.

1917-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதம், முதல் உலகப் போரின்போது, சரக்குக் கப்பல்போல் வேடமிட்ட ஜெர்மானியக் கப்பல் ஒன்று இந்தப் பக்கம் வந்தது. அதன் பெயர் ‘வுல்ஃப்’, அதாவது ஓநாய். 465 கண்ணிவெடிகளை ஏற்றிக்கொண்டு 1916 நவம்பரில் ஜெர்மனியைவிட்டுப் புறப்பட்ட கப்பல் அது. கொழும்புக்கு வெளியே இரவோடு இரவாகச் சில கண்ணிகளைக் கடலில் போட்டுவிட்டுப் போய்விட்டது. பிப்ரவரி 17-இல் ‘வொர்ஸ்டர்ஷயர்’ என்ற கப்பல் கண்ணியில் மோதி மூழ்கியது. நான்கு நாள் கழித்து ‘பெர்சியஸ்’ மூழ்கியது. அதே பயணத்தில் பம்பாய்க்கு வெளியே போட்ட கண்ணி ஒன்று, ‘மங்கோலியா’ என்ற பயணிகள் கப்பலை ஜூன் 23-ஆம் நாள் மூழ்கடித்தது. அப்போது ‘வுல்ஃப்’ எங்கே இருந்தது தெரியுமா? பல ஆயிரம் கிலோமீட்டருக்கு அப்பால், பசிபிக் கடலில்!

பீரங்கியை ஒருவன் நின்று சுடவேண்டும். கண்ணிவெடிக்கு ஆள் வேண்டியதில்லை. போட்டவன் போனபின்பும் அது காத்திருக்கும். நண்பன் யார், பகைவன் யார் என்றும் அதற்குத் தெரியாது. ஆகவே கண்ணி போடுவோர் இருக்கும் வரையில் அவற்றை வாரி எடுப்போரும் வேண்டும். அவ்வேலைக்காகவே அமைந்தவைதாம் கண்ணிவாரிக் கப்பல்கள். இரண்டாம் உலகப் போரில் இந்தியக் கடற்படையில் பணியாற்றிய ‘பெங்கால்’ என்னும் கண்ணிவாரியின் வரலாற்றை இங்கே காண்போம். கண்ணி வாருவதற்கென்று கட்டிய கப்பல் அது. ஆனால் அது பெயர் பெற்றதோ வேறொரு காரியத்தால்.

தூக்குக்குண்டு செய்யும் வேலை

முதலில் கண்ணியைப் பற்றித் தெரிந்துகொள்வோம். மிதவைக் கண்ணி என்பது வெடிமருந்தும் காற்றும் நிறைந்த ஓர் இரும்பு உருண்டை. தானே விட்டால் நீரின்மேல் மிதக்கும். ஆனால் மேலே மிதந்தால் கண்ணில் பட்டுவிடும். மிக ஆழத்தில் கிடந்தால் கப்பல் அதன்மேல் தொடாமல் போய்விடும். நீர்மட்டத்துக்குக் கீழே, 3 மீட்டர் என்று வைத்துக்கொள்வோம், சரியாக அந்த ஆழத்தில் நிற்கவேண்டும். கடலின் ஆழமோ இடத்துக்கு இடம் மாறுகிறது. இருட்டில் ஓடும் கப்பலிலிருந்து கண்ணியைத் தள்ளிவிடுகிறவன் ஒவ்வோர் இடத்திலும் ஆழம் பார்த்துக்கொண்டிருக்க முடியுமா?

இதற்குக் கண்டுபிடித்த வழி மிக அழகானது. கண்ணியோடு ஒரு நங்கூரப் பெட்டியும் சேர்ந்து கடலில் விழுகிறது. பெட்டிக்குள் கம்பிவடம் சுற்றிய உருளை உண்டு. பெட்டியின் அடியிலிருந்து, கொத்தனாரின் தூக்குக்குண்டு போல, 3 மீட்டர் நீளக் கயிற்றில் ஒரு குண்டு தொங்குகிறது. கண்ணி மேலே மிதக்க, பெட்டி வடத்தை அவிழ்த்துக்கொண்டே கீழே இறங்குகிறது. முதலில் தரையைத் தொடுவது தூக்குக்குண்டு. அது தரை தொட்டதும் கயிற்றின் இழுவிசை நின்றுவிடும். உடனே ஒரு கொக்கி விழுந்து உருளையைப் பூட்டிவிடும். இனி வடம் நீளாது. ஆனால் பெட்டி தரைக்கு மேல் இன்னும் 3 மீட்டர் உயரத்தில் இருக்கிறதல்லவா? அந்த 3 மீட்டரையும் அது இறங்கும்போது, மேலே மிதந்த கண்ணியையும் 3 மீட்டர் உள்ளே இழுத்துக்கொள்கிறது. கடல் 20 மீட்டர் ஆழமானாலும் 60 மீட்டர் ஆழமானாலும் விடை ஒன்றே. ஒரு நூலையும் கல்லையும் வைத்துத் தொட்டித் தண்ணீரில் நீங்களே இதன் மாதிரியைச் செய்து பார்க்கலாம்.

கண்ணியின் மேல் முள்போல் நீட்டிக்கொண்டிருப்பவை ஈயத்தால் ஆன கொம்புகள். ஒவ்வொன்றின் உள்ளேயும் அமிலக் கரைசல் நிரம்பிய கண்ணாடிக் குழாய் ஒன்று இருக்கும். கப்பல் மோதினால் மெல்லிய ஈயம் வளையும்; கண்ணாடி உடையும்; அமிலம் கீழே உள்ள கரி, துத்தநாகத் தகடுகளின் இடையே பாயும். நீங்கள் பள்ளி ஆய்வுக்கூடத்தில் பார்க்கும் மின்கலம் அந்தக் கணத்தில் பிறக்கிறது! மின்னோட்டம் பாய்ந்து வெடிப்பானைப் பற்றவைக்கிறது. டார்ச் விளக்கின் மின்கலத்தைப் பல ஆண்டுகள் பெட்டியில் வைத்திருந்தால் சக்தி இழந்து போகும். ஆனால் இந்த மின்கலம் உடையும் வரையில் மின்கலமே அல்ல. ஆகவே அது தீர்ந்து போவதும் இல்லை. போர் முடிந்து பல ஆண்டுகள் ஆனபின்பும் கண்ணிகள் வெடிப்பதற்கு இதுவே காரணம்.

நீருக்குள் ஒரு பட்டம்

இத்தகைய கண்ணியை எப்படி வாருவது? கண்ணி கண்ணுக்குத் தெரியாது. ஆனால் அதைத் தரையோடு பிணைக்கும் வடம் இருக்கிறது. வடத்தை அறுத்துவிட்டால் கண்ணி மேலே வந்து மிதக்கும். பிறகு தொலைவிலிருந்து துப்பாக்கியால் சுட்டு மூழ்கடிக்கலாம். சில வேளை வெடிக்கவும் செய்யும்.

கண்ணிவாரி தன் பின்புறத்திலிருந்து அரம்போல் சுரசுரப்பான ஒரு நீண்ட கம்பிவடத்தை இழுத்துச் செல்லும். அந்த வடம் கப்பலின் பின்னால் நேராக வந்தால் பயனில்லை; பக்கவாட்டில் விரியவேண்டும். அதற்காக வடத்தின் நுனியில் சாய்வான பலகைகள் அடங்கிய ஒரு சட்டம் கட்டப்படுகிறது. நீரோட்டம் சாய்ந்த பலகைமேல் மோதும்போது அதைப் பக்கவாட்டில் தள்ளுகிறது. தேரிக்காட்டில் நீங்கள் விடும் பட்டத்தைக் காற்று மேலே தள்ளுகிறதல்லவா? அதே விதிதான். தூத்துக்குடி விசைப்படகுகளில் இழுவலையின் வாயை விரித்துப் பிடிக்கும் இரட்டைப் பலகைகளைப் பார்த்திருப்பவர்களுக்கு இதைச் சொல்லியே தரவேண்டியதில்லை. முதல் உலகப் போரில் கண்ணி வாரப் போனவற்றுள் பல, உண்மையிலேயே மீன்பிடிக் கப்பல்கள்தாம். இம்முறைக்கு ‘ஒரோபெசா’ என்று பெயர். அதுவும் அப்படிப்பட்ட ஒரு மீன்பிடிக் கப்பலின் பெயரே. வடத்தில் ஆங்காங்கே கத்திகளும் பொருத்தியிருப்பார்கள். கண்ணியின் வடம் சிக்கினால், வழுக்கிக்கொண்டே வந்து கத்தியில் அறுபடும்.

இவ்வேலையில் கப்பல் எத்தனை வேகமாகப் போனாலும் ஓர் ஆபத்து மாறாது. வாரும் வடம் பின்னால் அல்லவா வருகிறது? முதலில் கண்ணிவயலுக்குள் நுழைவது கப்பலின் மூக்கு!

1939-இல் ஜெர்மானியர் தொடாமலே வெடிக்கும் காந்தக் கண்ணியைக் கொண்டுவந்தனர். அதில் வடமே இல்லை. கடலடியில் படுத்துக் கிடக்கும். எஃகுக் கப்பல் ஒரு பெரிய காந்தம். கட்டும்போது பல மாதம் ஒரே இடத்தில் நின்று சம்மட்டி அடி வாங்குவதால், பூமியின் காந்தப்புலம் அதில் பதிந்துவிடுகிறது. கப்பல் மேலே செல்லும்போது கண்ணிக்குள் இருக்கும் ஊசி திரும்பும், மின்சுற்று மூடும். 1939 நவம்பர் 23-ஆம் நாள் இங்கிலாந்தின் ஷூபரினெஸ் சேற்றில் அகப்பட்ட ஒரு கண்ணியை, ஜான் ஔவ்ரி என்ற அதிகாரி காந்தம் பற்றாத கருவிகளைக் கொண்டு பிரித்துப் பார்த்தார். அதன் பிறகே மறுவழி கிடைத்தது. கப்பலைச் சுற்றி மின்கம்பி சுற்றி அதன் காந்தத்தைச் சமன் செய்தார்கள். கடலில் மிதக்கும் மின்வடங்களை இழுத்துச் சென்று, உப்பு நீரின் வழியே பெரும் மின்னோட்டத்தைச் செலுத்தி, கண்ணிகளை ஏமாற்றி வெடிக்கவும் வைத்தார்கள்.

நெல்லை மாணவர்களுக்கு இங்கே ஒரு சுவையான செய்தி உண்டு. பூமியின் காந்த நடுக்கோடு திருநெல்வேலிப் பக்கமாகவே செல்கிறது. அதனாலேயே கிருஷ்ணாபுரத்தில் இந்தியப் புவிக்காந்தவியல் நிறுவனத்தின் ஆய்வுக்கூடம் ஒன்று அமைந்திருக்கிறது. நூலில் தொங்கும் காந்த ஊசி இங்கே ஏறத்தாழக் கிடையாக நிற்கும். லண்டனில் அதன் வடமுனை கீழே சாயும்; சிட்னியில் தென்முனை கீழே சாயும். ஆகவே இங்கிலாந்தில் கட்டிய கப்பலும் சிட்னியில் கட்டிய கப்பலும் மேல்-கீழ்த் திசையில் எதிரெதிர்க் காந்தங்கள். நம் ‘பெங்கால்’ சிட்னியில் பிறந்த கப்பல்.

நான்கு சகோதரிகள்

போர் தொடங்கியபோது இந்தியக் கடற்படை மிகச் சிறியது. 1934-இல்தான் அதற்குக் கடற்படை என்ற பெயரே கிடைத்திருந்தது. ஆஸ்திரேலியா ‘பாதர்ஸ்ட்’ வகையில் 60 கப்பல்களைக் கட்டியபோது அவற்றில் நான்கு இந்தியாவுக்கு வந்தன. பஞ்சாப், பம்பாய், மெட்ராஸ், பெங்கால் என்று அவற்றுக்குப் பெயர். நம் சென்னையின் பெயரும் அதில் இருப்பதைக் கவனித்தீர்களா? ‘மெட்ராஸ்’, ‘பெங்கால்’ இரண்டும் சிட்னியின் காக்கட்டூ தீவுத் தளத்தில் கட்டப்பட்டவை. இந்தக் கப்பல்கள் நீர்மூழ்கிகளை வேட்டையாடவும் வல்லவை. அந்த இரகசியத்தை மறைக்கவே ‘கண்ணிவாரி’ என்ற பெயரைப் பதிவேட்டில் முன்னிறுத்தினார்கள் என்பது வேடிக்கை.

‘பெங்கால்’ 1942 மே 28-இல் நீரில் இறங்கியது. ஆகஸ்ட் 8-இல் பணியில் சேர்ந்தது. நீளம் 56.7 மீட்டர், அகலம் 9.4 மீட்டர். வேகம் 15 நாட், அதாவது மணிக்கு 28 கிலோமீட்டர். இவ்வகைக் கப்பலில் 85 பேர் அளவில் பணியாற்றினர். பெரிய பீரங்கிக்குத் தட்டுப்பாடு இருந்ததால் 76 மில்லிமீட்டர் பீரங்கி ஒன்றைப் பொருத்தி அனுப்பினார்கள். அதன் குண்டு ஒன்று 6 கிலோகூட இல்லை.

1942 நவம்பர் 11

நவம்பர் 5-ஆம் நாள் ‘பெங்கால்’ ஆஸ்திரேலியாவின் பிரிமாண்டில் துறைமுகத்திலிருந்து தாய்நாடு நோக்கிக் கிளம்பியது. கூடவே ‘ஒண்டினா’ என்ற டச்சு எண்ணெய்க் கப்பலும் வந்தது. வழியில் டியாகோ கார்சியாத் தீவு வரை அதற்குத் துணை போகவேண்டும். ‘பெங்கா’லின் தலைவர் லெப்டினன்ட் கமாண்டர் வில்லியம் ஜோசப் வில்சன்.

ஆறாம் நாள், கொக்கோஸ் தீவுகளுக்குத் தென்மேற்கே, நண்பகலுக்குச் சற்று முன் ஒரு கப்பல் கண்ணில் பட்டது. பின்னாலேயே இன்னொன்று. அவை ‘ஹோக்கோகு மாரு’, ‘ஐக்கோகு மாரு’ என்னும் ஜப்பானியக் கப்பல்கள். ‘மாரு’ என்று முடிவது ஜப்பானிய வணிகக் கப்பல்களின் வழக்கம். பயணிகளுக்கும் சரக்குக்குமாகக் கட்டப்பட்ட இவற்றில் 140 மில்லிமீட்டர் பீரங்கிகளையும் டார்ப்பிடோக் குழாய்களையும் பூட்டி, வேட்டைக் கப்பல்களாக மாற்றியிருந்தார்கள். ஒவ்வொன்றும் பத்தாயிரம் டன்னுக்கு மேல். அந்த டன் கொள்ளளவைக் குறிப்பது, எடையை அல்ல. ஆகவே ‘பெங்கா’லின் 650 டன் எடையோடு நேராக ஒப்பிட்டுவிடாதீர்கள். குண்டுகளை ஒப்பிடலாம்: ஜப்பானியக் குண்டு ஒன்று சுமார் 38 கிலோ. வேகமோ 21 நாட்.

இந்த நிலையில் நீங்கள் ‘பெங்கா’லின் தலைவராக இருந்தால் என்ன செய்வீர்கள்? கணக்குப் போட்டுப் பாருங்கள். 15 நாட் வேகத்தில் ஓடும் கப்பல் 21 நாட் வேகக் கப்பலிடமிருந்து தப்ப முடியாது. ‘ஒண்டினா’வின் வேகமோ 12 நாட் அளவுதான். வில்சன் எண்ணெய்க் கப்பலை விலகிப் போகும்படி சொல்லிவிட்டு, தன் கப்பலை எதிரியை நோக்கியே திருப்பினார்.

இதை வெறும் வீரம் என்று மட்டும் சொல்லிவிட முடியாது. நேராக எதிர்வரும் கப்பல் பீரங்கிக்காரனுக்கு 56 மீட்டர் அகலமாகத் தெரியாது. 9 மீட்டர் அகலமாகத்தான் தெரியும். ஆனால் பீரங்கியின் பிழை இடம் வலமாக வருவதைவிடத் தூரத்தில்தான் அதிகம் வரும். முன்பின்னாக நீண்டு கிடக்கும் கப்பல் அந்தப் பிழைக்கு இடம் கொடுத்துவிடும். பின் என்ன இலாபம்? அசைவுதான். ‘பெங்கால்’ விநாடிக்கு 7.7 மீட்டர் முன்னேறுகிறது. குண்டு பறக்க 8 விநாடி ஆகும் என்று கொள்வோம். அதற்குள் கப்பல் தன் முழு நீளத்துக்கும் மேல் நகர்ந்துவிடும். தூரம் கணத்துக்குக் கணம் மாறும்போது, கண்ணாலும் தூரமானியாலும் குறி பார்ப்பவன் திணறித்தான் போவான். எதிரியின் கவனம் சிறிய கப்பலில் இருக்கும் ஒவ்வொரு நிமிடமும் எண்ணெய்க் கப்பலுக்குக் கிடைத்த நிமிடம் என்பதையும் மறக்கக்கூடாது.

‘ஒண்டினா’ ஓடிவிடவில்லை. அதனிடமும் ஒரு 102 மில்லிமீட்டர் பீரங்கியும் 32 குண்டுகளும் இருந்தன. இரண்டு சிறு பீரங்கிகளும் முன்னால் வந்த ‘ஹோக்கோகு மாரு’வைக் குறிவைத்தன. சற்று நேரத்தில் ஒரு குண்டு அதன் டார்ப்பிடோக் குழாய்கள் இருந்த இடத்தில் விழுந்தது. தீ பரவி வெடிமருந்துக் கிடங்கை எட்டியது. பெரும் வெடிப்புடன் அந்தக் கப்பல் அன்றே மூழ்கியது. அதன் தலைவர் உட்பட 76 பேர் மாண்டனர்.

சில கிலோ எடையுள்ள குண்டு இவ்வளவு பெரிய கப்பலை அழித்தது எப்படி? குண்டின் ஆற்றல் அழிக்கவில்லை. வைக்கோற்போரை எரிப்பது தீக்குச்சியின் வெப்பமா, வைக்கோலின் வெப்பமா? டார்ப்பிடோ ஒவ்வொன்றின் தலையிலும் 200 கிலோவுக்குக் குறையாத வெடிமருந்து இருந்தது. கிடங்கில் பீரங்கிக் குண்டுகள் இருந்தன. போர்க்கப்பலாகவே கட்டியிருந்தால் கவசத் தகடும் தடுப்புச் சுவர்களும் அவற்றைக் காத்திருக்கும். வேடம் மாற்றிய வணிகக் கப்பலில் அந்தக் காப்பு இல்லை. அதைச் சுட்டது யார் குண்டு? இரு கப்பல்களும் தம்முடையது என்றே சொல்லின. பெரிய குண்டு என்பதால் ‘ஒண்டினா’வுடையது என்பதே எனக்குப் பொருத்தமாகத் தோன்றுகிறது. ஆனால் ‘பெங்கால்’ எதிரியை நோக்கிப் போயிராவிட்டால் ‘ஒண்டினா’ நின்று குறிபார்க்க நேரமே இருந்திராது.

மிஞ்சிய ‘ஐக்கோகு மாரு’ விடவில்லை. ‘பெங்கா’லிடம் பீரங்கிக் குண்டுகள் தீரும் நிலை. சில குண்டுகள் அதன்மேலும் பாய்ந்திருந்தன. நல்லவேளையாக ஓர் உயிரும் போகவில்லை. புகைத்திரை எழுப்பிக்கொண்டு விலகியது. மண்ணெண்ணெய் விளக்கின் திரியை அதிகம் தூண்டினால் கரும்புகை கிளம்புமே, அதுபோலக் கொதிகலனுக்குக் காற்றைக் குறைத்து எண்ணெயை அரைகுறையாக எரித்தால் கரித்துகள் மேகமாகக் கிளம்பும். ஒளி அதைத் துளைக்காது.

‘ஒண்டினா’வின் நிலை மோசமானது. அதன் தலைவர் வில்லெம் ஹார்ஸ்மன் கொல்லப்பட்டார். குண்டுகள் தீர்ந்துபோன பின் மாலுமிகள் படகுகளில் இறங்கினர். படகுகள்மேலும் எதிரி இயந்திரத் துப்பாக்கியால் சுட்டான். டார்ப்பிடோ பாய்ந்த கப்பல் சாய்ந்து நின்றது, ஆனால் மூழ்கவில்லை. எண்ணெய்க் கப்பல் பல தனித்தனி அறைகளாகப் பிரிக்கப்பட்டது. இரண்டொரு அறை உடைந்தாலும் மற்றவை மிதக்க வைக்கும். ‘ஐக்கோகு மாரு’ போனபின் மாலுமிகள் திரும்ப ஏறினர். தீயை அணைத்தனர், ஒரு பக்கத்து அறைகளில் நீர் புகவிட்டுச் சாய்வை நிமிர்த்தினர். நவம்பர் 18-இல் ‘ஒண்டினா’ பிரிமாண்டில் வந்து சேர்ந்தது.

‘பெங்கா’லுக்கு இது தெரியாது. அது டியாகோ கார்சியாவை அடைந்து, தன் துணைக் கப்பல் மூழ்கிவிட்டது என்றே அறிவித்தது. கைவிட்டுவந்தோம் என்ற எண்ணத்தோடு அந்த மாலுமிகள் எத்தனை நாள் பயணம் செய்திருப்பார்கள் என்று எண்ணிப் பாருங்கள்.

போருக்குப் பின்

1944 பிப்ரவரியில் பசிபிக்கின் ட்ரக் தீவுக் காயலில் அமெரிக்க விமானங்கள் ‘ஐக்கோகு மாரு’வைத் தாக்கின. அதுவும் தன் வயிற்றில் இருந்த வெடிமருந்தாலேயே சிதறியது. வில்சனுக்கு வீரப்பதக்கம் கிடைத்தது. ‘பெங்கா’லோ போர் முடியும் வரை பேரில்லாத வேலைகளைச் செய்தது: வணிகக் கப்பல்களுக்குத் துணை போவது, ரோந்து சுற்றுவது.

1945-இல் போர் நின்றது, கண்ணிகள் நிற்கவில்லை. ‘பெங்கா’லின் உடன்பிறப்பான ‘வார்னம்பூல்’ என்ற ஆஸ்திரேலியக் கண்ணிவாரி, 1947 செப்டம்பர் 13-இல், பெரும் பவளத்திட்டுப் பகுதியில் கண்ணி வாரிக்கொண்டிருந்தபோது ஒன்றில் மோதி மூழ்கியது. நால்வர் மாண்டனர். அந்தக் கண்ணியைப் போட்டவர் ஜப்பானியர் அல்லர். எதிரி வராமல் தடுக்க ஆஸ்திரேலியர் தாமே போட்ட கண்ணி அது.

அதே 1947-இல் நாடு பிரிந்தபோது கடற்படையும் பிரிந்தது. 16 கண்ணிவாரிகளில் 12 இந்தியாவுக்கும் 4 பாகிஸ்தானுக்கும் சென்றன. ‘பெங்கால்’, ‘பம்பாய்’, ‘மெட்ராஸ்’ மூன்றும் நம் பங்கில் வந்தன. 1950-இல் குடியரசான பிறகு மூவண்ணக் கொடியின் கீழ் மேலும் சில ஆண்டுகள் பணி செய்தது ‘பெங்கால்’. 1959-இல் ‘ஒண்டினா’வைப் பழைய இரும்புக்கு உடைத்தார்கள். அடுத்த ஆண்டு ‘பெங்கா’லையும் உடைத்தார்கள்.